இலவ மரம்

போடிநாயக்கனூர் அடிவாரத்திலும் வருசநாட்டு மலைச்சரிவுகளிலும் மானாவாரியாக வளர்வது இலவ மரம். விதையிட்டோ போத்து நட்டோ வளர்க்கலாம். இரண்டடி ஆழக் குழியில் எரு கலந்து, பருவமழை தொடங்கும்போது கன்று வைப்பது நல்லது. நீர் தேங்கினால் வேர் அழுகிவிடும். முதல் இரண்டு கோடைக்குத் தண்ணீரும் சுற்றிலும் வேலியும் தேவை. இளந்தண்டில் முள் இருந்தாலும் தழையை ஆடுகள் விட்டுவைப்பதில்லை. நான்கைந்து ஆண்டில் காய்ப்பு தொடங்கும். பனிக்காலத்தில் இலையுதிர்ந்த கிளைகளில் பூ வரும். இரவில் வௌவால்கள் மகரந்தம் சேர்க்கும். பங்குனி, சித்திரையில் காய் முற்றும். வெடித்தால் பஞ்சு காற்றோடு போய்விடும் என்பதால் முன்பே துரட்டியால் பறிக்கிறார்கள். கிளை சட்டென முறியும். மரத்தில் ஏறுவது ஆபத்து. விதை நீக்கிய பஞ்சு மெத்தைக்கும் தலையணைக்கும் போகிறது.