கொக்கிளாய் முதல் நந்திக்கடல் வரை
போர்க்களங் காணச் செல்வோர்க்குச் சில வார்த்தைகள்

யாத்திரை என்றால் கோயிலுக்குச் செல்வது என்றும், உல்லாசப் பிரயாணம் என்றால் மலைக்கும் கடற்கரைக்கும் செல்வது என்றும் நம் முன்னோர் பிரித்து வைத்தனர். இவ்விரண்டிலும் சேராத மூன்றாவது வகைப் பிரயாணம் ஒன்று இந்நாளில் வழக்கத்துக்கு வந்துள்ளது. அதுவே போர்க்களங் காணச் செல்லும் பிரயாணம். அழுவதற்கென்று சிலரும், அறிவதற்கென்று சிலரும், வேடிக்கை பார்ப்பதற்கென்றே பலரும் அதிற் செல்கின்றனர். ஒரே வண்டியில் ஏறி, ஒரே இடத்தில் இறங்கி, ஒரே மண்ணை மிதித்தாலும் இம்மூவர்க்கும் கிடைக்கும் பயன் ஒன்றாய் இருப்பதில்லை.

இவ்வழக்கம் உலகிற்குப் புதியதன்று. 1815 ஆம் ஆண்டு வாட்டர்லூவில் நெப்போலியன் தோற்றபின், அந்தக் களத்தைக் காண இங்கிலாந்திலிருந்து திரள் திரளாக மக்கள் சென்றனர். முதலாம் உலக மகாயுத்தம் முடியுமுன்னரே, 1917 ஆம் ஆண்டில், மிஷெலின் என்னும் டயர்க் கம்பெனியார் பிரான்ஸ் தேசத்துப் போர்க்களங்களுக்கு வழிகாட்டி நூல்கள் வெளியிடத் தொடங்கினர். மோட்டாரிற் சென்று களத்தைக் காண்பதற்கென்றே அவை எழுதப்பட்டன. யுத்தம் முடிந்தபின், தம் புதல்வரின் கல்லறையைத் தேடிய தாய்மாரும் அதே பாதைகளிற் சென்றனர். காணச் சென்றவரும் தேடிச் சென்றவரும் ஒரே சாலையிற் சந்தித்தனர் என்பதை நாம் மறக்கலாகாது.

நம் நாட்டிலும் அவ்வாறே நேர்ந்தது. 2009 ஆம் ஆண்டு மே மாதம் போர் முடிந்து, ஏ-9 வீதி பொதுமக்களுக்குத் திறந்துவிடப்பட்டதும், தென்னிலங்கையிலிருந்து பஸ் பஸ்ஸாக மக்கள் வன்னிக்கு வரத் தொடங்கினர். சாய்ந்து கிடந்த கிளிநொச்சித் தண்ணீர்த் தொட்டியும், ஆனையிறவில் நிறுத்தப்பட்ட இரும்புக் கவச புல்டோசரும், புதுக்குடியிருப்பு வெற்றிச் சின்னமும், முல்லைத்தீவுக் கரையில் துருப்பிடித்து நின்ற கப்பலும் அவர்களுக்குக் காட்டப்பட்டன. பல இடங்களில் இராணுவத்தினரே வழிகாட்டிகளாக நின்று விளக்கம் அளித்தனர். அதே நாட்களில், அந்த மண்ணுக்குரிய குடும்பங்கள் மெனிக்பாம் முகாமில் முட்கம்பிக்குள் இருந்தன. இம்முகாம் 2012 ஆம் ஆண்டு செப்டம்பர் மாதத்திலேயே மூடப்பட்டது. வீட்டுக்காரர் திரும்புமுன் விருந்தாளிகள் வந்து முற்றத்தைப் பார்த்துப் போயினர் என்றே சொல்லவேண்டும்.

இப்போது நம் பிள்ளைகளும் பாடசாலைச் சுற்றுலாவிலும், விடுமுறையில் வெளிநாட்டிலிருந்து வரும் உறவினருடனும் இவ்விடங்களுக்குச் செல்கின்றனர். ஆதலின் ஒருநாட் பிரயாணத்தில் எவற்றைக் காணலாம், எவ்வாறு காணவேண்டும் என்பதைச் சிந்திப்பது நலம்.

ஏன் கொக்கிளாயிலிருந்து?

வழக்கமான சுற்றுலாக்கள் கிளிநொச்சியிலே தொடங்கிப் புதுக்குடியிருப்பிலே முடிகின்றன. அவ்வாறு செல்வோர் போரின் கடைசி அத்தியாயத்தை மாத்திரம் வாசித்துவிட்டுப் புத்தகத்தை மூடியவர் ஆவர். முதல் அத்தியாயங்களுள் ஒன்றைக் காணவேண்டுமானால் முல்லைத்தீவு மாவட்டத்தின் தென்கோடியிலுள்ள கொக்கிளாய்க்கு வரவேண்டும்.

கடலும் களப்பும் கைகோக்கும் ஊர் கொக்கிளாய். களப்புக்கு வடக்கே முல்லைத்தீவு மாவட்டம். தெற்கே புல்மோட்டையும் திருகோணமலை மாவட்டமும். இறாலும் மீனும் நிறைந்த இந்தக் களப்பும் அதன் சூழலும் 1951 ஆம் ஆண்டில் சரணாலயமாகப் பிரகடனஞ் செய்யப்பட்டன. கொக்கும் நாரையும் கூழைக்கடாவும் அச்சமின்றி இரை தேட இடம் வகுத்தது அரசாங்கம். பறவைகளுக்கு வாய்த்த அந்தச் சரண் மனிதருக்கு நெடுநாள் நிலைக்கவில்லை.

1984 ஆம் ஆண்டு டிசம்பர் முதலாந் திகதி கொக்கிளாயிலும் நாயாற்றிலும் வாழ்ந்த சிங்கள மீனவக் குடும்பங்கள் மீது விடுதலைப் புலிகள் தாக்குதல் நடத்தினர். பெண்களும் குழந்தைகளுங்கூட மாண்டனர். அதே மாதத்தில் கொக்கிளாய், கருநாட்டுக்கேணி, கொக்குத்தொடுவாய் முதலிய ஊர்களின் தமிழ்மக்கள் பலர் படையினராற் கொல்லப்பட்டனர். எஞ்சியோர் வயலையும் வள்ளத்தையும் விட்டு வெளியேற்றப்பட்டனர். 1985 ஆம் ஆண்டு பெப்ரவரி 13 ஆந் திகதி கொக்கிளாய் இராணுவ முகாம் தாக்கப்பட்டது. முகாமொன்றை நேர்நின்று தாக்கப் புலிகள் எடுத்த முதற்பெரும் முயற்சிகளுள் இதுவும் ஒன்று. அன்று வெளியேறிய தமிழ்க்குடிகள் மீண்டும் தம் ஊர்களிற் குடியேற, 2009 ஆம் ஆண்டுக்குப் பிறகே வழி பிறந்தது. இடையே ஒரு தலைமுறையே கழிந்துவிட்டது. கைக்குழந்தையாய்ப் போனவர் தம் பிள்ளைகளுடன் திரும்பினர். திரும்பியவர்க்கும், இடையில் வந்து தங்கியவர்க்கும் வயற்காணி பற்றியும் கரைவலைப்பாடு பற்றியும் எழுந்த பிணக்குகள் அதன்பின் பல்லாண்டு தொடர்ந்தன.

இங்கே காட்சிச்சாலை இல்லை. சீட்டு விற்பாரும் இல்லை. ஆயினும், துப்பாக்கி ஓய்ந்த நாளில் போர் முடிந்துவிடுவதில்லை என்ற பாடத்தை இவ்வூர்ப் பெரியவர் ஒருவரோடு அரைமணி நேரம் இருந்தாற் கற்றுக்கொள்ளலாம்.

நீர்க்குழாய் தோண்டிய இடம்

கொக்கிளாயிலிருந்து வடக்கே செல்லும் வீதியில் கொக்குத்தொடுவாய் வருகிறது. 2023 ஆம் ஆண்டு ஜூன் 29 ஆந் திகதி இங்கே குடிநீர்க் குழாய் புதைப்பதற்காக நிலத்தைத் தோண்டியபோது மனித எலும்புகள் வெளிப்பட்டன. நீதிமன்றத்தின் மேற்பார்வையில் அகழ்வு நடந்தது. 2024 ஆம் ஆண்டு ஜூலை மாதத்தில் அகழ்வு முடிந்தபோது 52 பேரின் எச்சங்கள் மீட்கப்பட்டிருந்தன. அகழ்வை நடத்திய தொல்லியற் பேராசிரியர், அவை 1990களின் நடுப்பகுதியைச் சேர்ந்தவை என்று கணித்தார்.

தாகந்தீர்க்க நீர் தேடிய மண்வெட்டி, மண்ணுக்குள் மறைந்திருந்த மனிதரைக் காட்டிக் கொடுத்தது. காணாமற் போன தம் மக்களைத் தேடி முல்லைத்தீவில் தாய்மார் 2017 ஆம் ஆண்டு மார்ச் மாதத்திலே தொடர் போராட்டம் தொடங்கியிருந்தனர். குழி ஒன்று கண்டுபிடிக்கப்படுந்தோறும் அவர்களுக்கு நெஞ்சம் இருபக்கமும் இழுபடும். அங்கே கிடப்பது தம் பிள்ளையாய் இருக்கக்கூடாதே என்று ஒரு வேண்டுதல். இருந்தாலாவது தெரியவேண்டுமே என்று மற்றொரு வேண்டுதல். இவ்விடத்தைக் கடந்து செல்லும் வண்டி, பாட்டுப்பெட்டியை நிறுத்திவிட்டுச் செல்வதே முறை.

முல்லைத்தீவும் ஒரு கல்லின் கதையும்

நாயாற்றுப் பாலத்தைக் கடந்து, செம்மலை, அளம்பில், சிலாவத்தை வழியாக முல்லைத்தீவை அடையலாம். இப்பட்டினத்துக்கு நேர்ந்த துன்பங்கள் ஒன்றல்ல. 1996 ஆம் ஆண்டு ஜூலை 18 ஆந் திகதி தொடங்கிய சமரில் இங்கிருந்த இராணுவ முகாம் வீழ்ந்தது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட படையினர் மாண்டனர். அவர்களும் எங்கோ ஒரு கிராமத்தில் ஒரு தாய் வழிபார்த்திருந்த பிள்ளைகளே. 2004 ஆம் ஆண்டு டிசம்பர் 26 ஆந் திகதி கடற்கோள் வந்து ஊரை வாரிச் சென்றது. 2009 ஆம் ஆண்டு ஜனவரி 25 ஆந் திகதி பட்டினம் மீண்டும் இராணுவத்தின் கைக்கு மாறியது.

இவற்றுக்கெல்லாம் முன்னரே இது போர்க்களமாய் இருந்த ஊர். 1803 ஆம் ஆண்டு ஆகஸ்ட் 25 ஆந் திகதி வன்னி மன்னன் பண்டார வன்னியன் ஆங்கிலேயரின் முல்லைத்தீவுக் கோட்டையைக் கைப்பற்றினான். அவ்வாண்டு ஒக்டோபர் 31 ஆந் திகதி கற்சிலைமடுவில் கப்டன் வொன் டிறிபேர்க் அவனைத் தோற்கடித்தான். தோற்கடித்த செய்தியை ஆங்கிலத்தில் ஒரு கல்லிற் பொறித்து அவ்விடத்திலே நாட்டினர் வெள்ளையர். விளைந்தது வேறு. கல்லிற் பொறித்த வெற்றியாளனின் பெயரைப் பள்ளிப்பிள்ளையும் அறியாது. தோற்றவன் பெயரைச் சொல்லாத வன்னிப்பிள்ளை இல்லை. வவுனியாவில் அவனுக்குச் சிலை உண்டு. 2010 ஆம் ஆண்டில் அக்கல் உடைக்கப்பட்டபோது வருந்தியவர்களும் தோற்றவனைப் போற்றும் மக்களே. சின்னத்தை நாட்டுபவன் நினைப்பது ஒன்று. அதனைக் காண வருவோர் பல தலைமுறை கழித்து வாசிப்பது வேறொன்று. இன்று நாடெங்கும் எழுந்து நிற்கும் வெற்றிச் சின்னங்களைப் பார்க்கும்போது இதனை நினைத்துக்கொள்வது நன்று.

வட்டுவாகலுக்கு அப்பால்

முல்லைத்தீவுக்கு வடக்கே வட்டுவாகல் பாலம். ஒருபுறம் நந்திக்கடல், மறுபுறம் பெருங்கடல். இப்பாலத்துக்கு அப்பால் உள்ள ஒடுங்கிய மணற்றிடலில், முள்ளிவாய்க்காலில், 2009 ஆம் ஆண்டு மே 18 ஆந் திகதி போர் முடிந்தது. அதற்கு முந்திய மாதங்களிற் பல்லாயிரங் குடும்பங்கள் கடலுக்கும் களப்புக்கும் நடுவே பதுங்குகுழிகளில் அடைபட்டிருந்தன. பாதுகாப்பு வலயங்கள் என்று அரசாங்கம் அறிவித்த இடங்களிலேயே எறிகணைகள் வீழ்ந்தன என்றும், வெளியேற முயன்ற மக்களைப் புலிகள் தடுத்தும் சுட்டும் மறித்தனர் என்றும் ஐக்கிய நாடுகள் நிபுணர் குழு 2011 ஆம் ஆண்டில் அறிக்கையிட்டது. இறுதிக் கட்டத்தில் 40,000 வரையிலான பொதுமக்கள் மாண்டிருக்கக்கூடும் என்றும் அது கூறியது. அரசாங்கம் அதனை மறுத்தது.

அந்நாட்களில் அரிசியும் நீரும் உப்புமாகக் காய்ச்சிய கஞ்சிக்காக மக்கள் வரிசையில் நின்றனர். ஆண்டுதோறும் மே மாதத்தில் அதே கஞ்சியைக் காய்ச்சி வழங்குவதே இம்மண்ணின் நினைவு வழிபாடாயிற்று. கருங்கற் சின்னங்கள் பேசாததை ஒரு சிரட்டைக் கஞ்சி பேசிவிடுகிறது. நந்திக்கடலின் மேற்குக் கரையிலே வற்றாப்பளைக் கண்ணகி அம்மன் கோயில் இருக்கிறது. வைகாசிப் பொங்கலுக்குக் கடல்நீரில் விளக்கெரியும் அற்புதம் இங்கே நிகழ்வதாகப் பக்தர்கள் போற்றுகின்றனர். நீதி கேட்டுச் சிலம்புடன் நின்ற ஒரு பெண்ணுக்கு அமைந்த கோயில் இக்கரையில் இருப்பது எண்ணிப் பார்க்கத் தக்கது.

புதுக்குடியிருப்பில், நீர்நிலையின் நடுவே துப்பாக்கியும் கொடியும் ஏந்திய போர்வீரன் சிலையோடு வெற்றிச் சின்னம் எழுந்தது. கைப்பற்றப்பட்ட படகுகளும் ஆயுதங்களும் அருகிற் காட்சிக்கு வைக்கப்பட்டன. புலிகளின் தலைவர் தங்கிய நிலவறையும் சில காலம் மக்களுக்குக் காட்டப்பட்டு, 2013 ஆம் ஆண்டு ஒக்டோபரில் வெடிவைத்துத் தகர்க்கப்பட்டது. இரும்பும் வெடிமருந்தும் எவ்வளவு செலவாயின என்பதை இங்கே காணலாம். மனிதர் எத்தனை பேர் செலவாயினர் என்பதை இக்காட்சிகள் சொல்வதில்லை.

வென்றவர் கடமை

இந்நாட்டுக்கு இவ்விடயத்தில் வெளியார் பாடஞ் சொல்லவேண்டியதில்லை. எல்லாளனை வென்ற துட்டகைமுனு, அவன் வீழ்ந்த இடத்திலே முறைப்படி தகனஞ் செய்வித்து, நினைவுச் சின்னமும் எழுப்பி, அதனை வழிபடவும் கட்டளையிட்டான் என்று மகாவமிசமே கூறுகிறது. அவ்விடத்தை நெருங்கும்போது அரசரும் வாத்தியங்களை நிறுத்திச் செல்லும் வழக்கம் தம் காலம் வரை இருந்ததாக அந்நூலாசிரியர் எழுதினார். பகைவனுக்கு மௌனத்தால் மரியாதை செய்த தேசம் இது.

பிரான்ஸ் தேசத்தில் வெர்டன் என்னுமிடத்தில் 1916 ஆம் ஆண்டு பிரெஞ்சுக்காரரும் ஜெர்மானியரும் மாதக்கணக்கில் மோதினர். பின்னர் அங்கே எழுப்பிய டூமோன் எலும்புமண்டபத்தில், பெயர் தெரியாத 130,000 வீரரின் எலும்புகள், இரு நாட்டவரும் கலந்தபடியே, வைக்கப்பட்டுள்ளன. 1984 ஆம் ஆண்டு செப்டம்பர் மாதம் பிரெஞ்சு ஜனாதிபதி மித்தரானும் ஜெர்மன் பிரதமர் கோலும் அதன் முன்னிலையிற் கைகோத்து நின்றனர். அதே ஆண்டு டிசம்பரிலேதான் கொக்கிளாய் வெறிச்சோடியது. அவர்கள் களம் கைகோக்கும் இடமாக மாற ஏறத்தாழ எழுபது ஆண்டுகள் சென்றன. நம் களங்கள் அவ்வாறு மாற இன்னும் எத்தனை ஆண்டு செல்லும் என்பது, அங்கே செல்லும் பிள்ளைகள் எதைக் கற்றுத் திரும்புகிறார்கள் என்பதைப் பொறுத்தது.

செல்வோர் கவனிக்க

பெற்றோர்க்கும் ஆசிரியர்க்கும் சில யோசனைகள். புறப்படுமுன் ஆண்டுகளையும் நிகழ்ச்சிகளையும் பிள்ளைகளுக்குச் சொல்லிவையுங்கள். களத்தில் நின்று சொல்வதற்கு நாவெழாது. வழிகாட்டி யாராயினும் அவர் சொல்வதை மரியாதையுடன் கேளுங்கள். ஆனால் அவர் கதையிலே யார் வரவில்லை என்பதையும் பிள்ளைகளைக் கவனிக்கச் செய்யுங்கள். இராணுவத்தினன் சொன்னால் அக்குடியானவனைத் தேடுங்கள். குடியானவன் சொன்னால் அயலூரவனையுந் தேடுங்கள். நடைபாதையை விட்டுப் பற்றைக்குள் இறங்காதீர்கள். கண்ணிவெடி அகற்றும் பணி வடக்கிற் பல ஆண்டு நீடித்த வேலை. எதையும் நினைவுக்கென்று பொறுக்கி வராதீர்கள். ஒரு சட்டைப் பொத்தானுங்கூட யாரோ ஒருவருக்கு அடையாளமாகலாம். சிலையருகே சிரித்தபடி படமெடுப்பதைத் தவிருங்கள். அடுத்த வேலிக்குப் பின்னாலிருந்து ஒரு தாய் பார்த்துக்கொண்டிருக்கக் கூடும். கொக்கிளாயிலோ முல்லைத்தீவிலோ மீனும் கருவாடும் வாங்கி, ஊர்க்கடையிலே சாப்பிட்டு, அம்மண்ணில் வாழ்வோர்க்கு ஒரு காசு சேரச் செய்யுங்கள்.

திரும்பியபின் பிள்ளைகளை ஒரு பக்கம் எழுதச் சொல்லுங்கள். யார் வென்றார், எந்த ஆயுதத்தால் வென்றார் என்று எழுதினால், மீண்டும் ஒருமுறை அழைத்துச் செல்லவேண்டும். அங்கே யார் வாழ்ந்தார்கள், இன்று அவர்களுக்கு என்ன வேண்டும் என்று எழுதினாற் பிரயாணத்தின் பயன் கைகூடிற்று என்று கொள்ளலாம்.