புல்லுக்கு இறைக்க எங்கே தண்ணீர்?

நாட்டுக்கு நாடு அணி கட்டி மோதும் கோல்ஃப் போட்டிகளில் சின்ன நாடுகளுக்கும் கதவு திறந்திருக்கும் ஒன்று ஐசனோவர் கிண்ணம். 1958 இல் ஸ்கொட்லாந்தின் சென் அன்ட்ரூஸில் 29 நாடுகளோடு அது தொடங்கியது. முதல் போட்டியிலேயே அவுஸ்திரேலியாவும் அமெரிக்காவும் 918 என்ற ஒரே கணக்கில் வந்து நிற்க, மறுநாள் மேலதிக ஆட்டம் வைத்துத்தான் அவுஸ்திரேலியா வென்றது. இன்று அணிக்கு மூன்று பேர் போதும். ஒவ்வொரு நாளும் சிறந்த இருவரின் கணக்கை மட்டுமே எடுப்பார்கள். கிரிக்கெட்டுக்குப் பதினொரு பேரைத் தேட வேண்டும், இதற்கு மூன்று பேர்தானே என்ற எண்ணம் யாருக்கும் வரும். வலைப்பந்தாட்டத்திலும் கிரிக்கெட்டிலும் இலங்கை அணிக்குள் போன வடக்குப் பிள்ளைகள் இதற்குள் மட்டும் ஏன் இல்லை என்ற கேள்வியும் கூடவே வரும். பதில் எளிது. யாழ்ப்பாணக் குடாநாட்டில் 18 குழி மைதானம் இல்லை. பொரளையில் 1896 முதல் இருக்கிறது, நுவரெலியாவில் இருக்கிறது, திகனவில் விக்டோரியா நீர்த்தேக்கக் கரையில் இருக்கிறது, அம்பாந்தோட்டையிலும் திருகோணமலைச் சீனக்குடாவிலும் இருக்கின்றன. இந்த விளையாட்டு எப்போதும் மைதானத்துக்குப் பக்கத்தில் வளர்ந்தவர்களுக்கே கைவந்திருக்கிறது. பணக்காரர் வீட்டுப் பிள்ளைகளுக்கு அடுத்தபடி இதில் மேலே வந்தவர்களில் பலர், பிறர் மட்டைப் பையைச் சுமந்து திரிந்த பையன்கள். அப்படியென்றால் யாழ்ப்பாணத்திலும் ஒரு மைதானம் போட்டால் என்ன? இந்தக் கேள்வியை ஒருநாள் யாராவது கேட்கத்தான் போகிறார்கள். கேட்கும்போது அவர்களுடைய விரல் மணற்காட்டுப் பக்கம்தான் நீளும்.

ஏனென்றால் கோல்ஃப் பிறந்ததே கடலோர மணல்மேடுகளில். பயிர் செய்ய உதவாத, ஆடு மேய்ந்து புல் குட்டையான நிலம்தான் அதன் தொட்டில். வடமராட்சி கிழக்கின் மணற்காடு, குடத்தனை, அம்பன், நாகர்கோவில் மேடுகளைப் படத்தில் பார்த்தால் அந்த ஸ்கொட்லாந்துக் கரையின் வெயில் காய்ந்த தங்கை என்று சொல்லிவிடலாம். சவுக்கு மரங்களும் மணலுக்குள் இறங்கிக்கொண்டிருக்கும் பழைய தேவாலயச் சுவரும் சுற்றுலாக் கையேட்டுக்கென்றே அமைந்தவை. படத்தில் தெரியாதது அடியில் இருக்கிறது. ஐப்பசி, கார்த்திகையில் பெய்யும் மழையை இந்த மணல்தான் உறிஞ்சி வைத்துக்கொள்கிறது. அங்கே ஒரு துரவு தோண்டினால் ஓரிரு பாகத்துக்குள் நல்ல தண்ணீர் ஊறும். ஆசைப்பட்டு இன்னும் ஆழமாகத் தோண்டினால் உவர். கடல்நீருக்கு மேலே மிதக்கும் நன்னீர்ப் படலம் அது. நன்னீர் மட்டம் ஓரடி இறங்கினால் அடியிலிருந்து உவர் ஏறக்குறைய நாற்பது அடி மேலேறக்கூடும் என்பது நூறு வருடத்துக்கு மேல் பழைய நீரியல் கணக்கு. நிலாவரைக் கிணற்றில் மேலே நல்ல தண்ணீரும் ஆழத்தில் உவருமாக இருப்பதும் இதே சங்கதிதான். அதை அதிசயம் என்று பார்த்துவிட்டு வருகிறோம். எச்சரிக்கையாக யாரும் பார்ப்பதில்லை.

கணக்கையே போட்டுவிடலாம். 18 குழி மைதானத்துக்குச் சுமார் 60 ஹெக்டேயர் வேண்டும். நம் அளவில் கிட்டத்தட்ட 2,400 பரப்பு. அதில் பாதிக்குத்தான் தண்ணீர் விடுகிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். கோடையில் புல் காயாமலிருக்க நாளுக்கு 5 மில்லிமீற்றர் என்று கொண்டால் 1,500 கன மீற்றர், அதாவது 15 இலட்சம் லீற்றர். ஆளுக்கு 100 லீற்றர் என்று தாராளமாக அளந்தாலும் 15,000 பேர் ஒருநாள் குடித்துக் குளிக்கும் தண்ணீர். மணற்காட்டுக்குத் தெற்கே அதே கரையில்தான் தாளையடி இருக்கிறது. நிலத்தடி நீர் போதாமல், கடலை நன்னீராக்க நாளொன்றுக்கு 24,000 கன மீற்றர் திறன் கொண்ட நிலையம் 2024 இல் அங்கே திறக்கப்பட்டது. அதன் முழு உற்பத்தியில் பதினாறில் ஒரு பங்கை ஒரு புல்வெளி குடித்துவிடும்.

சென் அன்ட்ரூஸ் எப்படிச் சமாளிக்கிறது என்று கேட்கலாம். அங்கே குளிர், மழையும் வருடம் முழுக்கச் சிறுகச் சிறுகப் பெய்கிறது. நமக்கோ மூன்று மாதத்தில் கொட்டித் தீர்த்துவிட்டு, பங்குனி, சித்திரையில் கிணற்றடி காய்கிறது. வெளிநாடுகளில் கழிவுநீரைச் சுத்திகரித்துப் புல்லுக்கு விடுகிறார்களே என்பார்கள். உண்மைதான். 2023 இல் ஐசனோவர் கிண்ணம் அபுதாபியில், 2025 இல் சிங்கப்பூரில்; இரண்டுமே தண்ணீரைச் செய்தெடுக்கும் ஊர்கள். ஆனால் அதற்கு முதலில் ஊர் முழுக்கக் கழிவுநீர்க் குழாய் வேண்டும். இங்கே மலக்குழியும் கிணறும் ஒரே வளவுக்குள். அது போகட்டும், அந்தச் சிங்கப்பூரே மைதானங்களை ஒவ்வொன்றாக மூடி நிலத்தைத் திரும்ப எடுத்துக்கொண்டிருக்கிறது. உவர்நீரிலும் வளரும் புல் இருக்கிறதே என்பது கெட்டிக்கார வாதம். புல் தாங்கும். ஆனால் மேலே விடும் உவர்நீர் மணலுக்குள் இறங்கி நன்னீர்ப் படலத்தில்தானே போய்ச் சேரும்? புல்லுக்குப் போடும் யூரியாவுக்கும் அதே வழிதான்.

வெங்காயமும் புகையிலையும் குடிக்காத தண்ணீரா என்ற கேள்விதான் கொஞ்சம் கனமானது. வலிகாமத்துத் தோட்டங்கள் இறைத்த இறைப்பும் கொட்டிய உரமும் கிணறுகளில் நைத்திரேற்றாக ஏறி நிற்பதை மறைக்க முடியாது. பல கிணறுகளில் அது உலக சுகாதார நிறுவனம் வகுத்த லீற்றருக்கு 50 மில்லிகிராம் எல்லையைத் தாண்டியிருக்கிறது. ஆனால் அந்தப் பாத்திகளை நம்பிக் குடும்பங்கள் இருக்கின்றன. அந்த இறைப்பைக் குறைக்கவே வழி தெரியாமல் நிற்கிறோம். ஏற்கெனவே கடன்பட்ட கிணற்றின் பெயரில் இன்னொரு கடன் எழுதுவது எந்தக் கணக்கில் சேர்த்தி? சுற்றுலாவால் நாலு பேருக்கு வேலை வரும் என்பதும் பொய்யல்ல. ஆனால் வரட்சி வந்தால் யாருடைய வாய்க்காலை முதலில் அடைப்பார்கள்? 2022 கோடையில் பிரான்ஸில் நூற்றுக்கு மேற்பட்ட ஊர்களுக்குக் குடிநீர் இல்லாமல் போனபோதும், கோல்ஃப் குழியைச் சுற்றியுள்ள புல்லுக்குத் தண்ணீர் விட, தடையிலிருந்து விலக்கு இருந்தது. கோபத்தில் சிலர் துலூஸ் பக்கத்தில் குழிகளைச் சீமெந்தால் அடைத்தார்கள். ஸ்கொட்லாந்தின் அபர்டீன் பகுதியில், நகரும் மணல்மேடுகளுக்குப் பேர்போன பாதுகாக்கப்பட்ட கரையொன்றில் 2012 இல் மைதானம் திறந்தார்கள். மேடுகள் சிதைந்துவிட்டன என்று 2020 இல் அந்தப் பாதுகாப்புத் தகுதியையே நீக்க வேண்டி வந்தது. கோல்ஃபின் தாய்நாட்டிலேயே நிலைமை இது. நம் மணல்மேடுகளில் கள்ள மணல் ஏற்றுவதையே நிறுத்த முடியவில்லை.

அவுஸ்திரேலியாவின் கூபர் பெடியில் புல்லே இல்லாத மைதானம் இருக்கிறது. ஆடுபவர்கள் சின்னப் புல்துண்டைக் கையோடு கொண்டுபோய், அடிக்கும் இடத்தில் வைத்து அடிக்கிறார்கள். அப்படியொன்றைக் கலட்டித் தரையில் போடுவதற்கு எந்தக் கிணறும் கோபிக்காது. ஆனால் பச்சைப் புல்லைக் காட்டாமல் ஹோட்டல் அறையை விற்க முடியாதென்பதால், காசு போடுகிறவர்கள் அதைக் கேட்கப்போவதில்லை. வடக்கிலிருந்து மூன்று பிள்ளைகள் தேசிய அணிக்குப் போவதுதான் உண்மையான ஆசையென்றால், பாடசாலை மைதானத்தின் மூலையில் வலை கட்டி அடிக்கப் பழக்கலாம். விடுமுறையில் சீனக்குடாவுக்கோ பொரளைக்கோ பஸ் ஏற்றிவிடலாம். அந்தச் செலவு மணற்காட்டில் ஒரு குழிக்குப் புல் பதிக்கும் காசுக்குள் அடங்கிவிடும்.