உங்களுக்குத் தெரியுமா? நிலம் கொடுத்து வரவழைத்த ஆய்வகம்

கொத்தமங்கலம் முதலான செட்டிநாட்டு ஊர்கள் சூழ்ந்த காரைக்குடியில் மத்திய மின்வேதியியல் ஆய்வு நிறுவனம் அமைந்தது தற்செயல் அல்ல. வள்ளல் அழகப்பச் செட்டியார் 300 ஏக்கர் நிலமும் 15 லட்சம் ரூபாயும் வழங்கினார். 1948 ஜூலை 25 அன்று நேரு அடிக்கல் நாட்டினார். 1953 ஜனவரி 14 அன்று ராதாகிருஷ்ணன் திறந்துவைத்தார். 1947இல் கலைக் கல்லூரி, 1952இல் பொறியியல் கல்லூரி, 1985இல் அழகப்பா பல்கலைக்கழகம் என்று கல்வியும் இங்கே வளர்ந்தது. மின்கலம், உலோகப் பூச்சு, துருத் தடுப்பு எனத் தொழிலுக்கு உடனே கைகொடுக்கும் அறிவு ஒரே ஊரில் குவிந்தது.

இத்தனை இருந்தும் காரைக்குடி கோவையைப் போலத் தொழில் நகரமாகவில்லையே என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் கோவையில் பூ.சா.கோ. தொழில்நுட்பக் கல்லூரி 1951இல் தொடங்கியதே, 1926 முதல் இயங்கிவந்த தொழிற்பட்டறை வளாகத்துக்குள்தான். பட்டறையின் சிக்கல் வகுப்பறைக்கு வர நெடுந்தூரம் நடக்க வேண்டியிருக்கவில்லை. கல்வி நிறுவனம் இருப்பது மட்டும் தொழிலை உண்டாக்காது. உள்ளூர்த் தொழிலோடு அது கொள்ளும் உறவே உண்டாக்கும். செட்டிநாட்டிலும் பட்டறைகளுக்குப் பஞ்சமில்லை. கண்ணாடிமேல் வார்க்கும் ஆத்தங்குடித் தளக்கல்லும், 2019இல் புவிசார் குறியீடு பெற்ற கண்டாங்கிச் சேலையும் இருக்கின்றன. கைத்தொழிலில் ஆய்வுக்கு என்ன வேலை என்போர் உண்டு. ஆனால் தளக்கல்லின் உறுதியைச் சோதிப்பதும், சாயம் நிலைக்க வழி காண்பதும், நேரடிச் சந்தை தேடித் தருவதும் பல்கலைக்கழகம் செய்யத்தக்க பணிகளே. மாணவரின் முதல் தொழில்முயற்சி இந்தப் பட்டறைகளிலிருந்தே தொடங்க வேண்டும்.