தட்டிப் பார்த்த டிவியும் டார்ச் அடித்துப் பார்க்கும் டிவியும்

சாலிடேர், டயனோரா என்று சென்னையிலேயே டிவி செய்த காலத்தில், படம் போனால் முதல் வைத்தியர் வீட்டுக்காரர்தான். பக்கவாட்டில் ஓங்கி ஒரு தட்டு. பல நேரம் படம் வந்துவிடும். சூட்டில் விரிசல் விட்ட ஈயப்பற்று, அதாவது டிரை சால்டர், அந்த அதிர்வில் கொஞ்ச நேரம் ஒட்டிக்கொள்ளும். மந்திரம் அவ்வளவுதான்.

தட்டியும் வராவிட்டால் மெக்கானிக் வருவார். பின்மூடியைக் கழற்றியதும் அவர் கேட்பது முகம் பார்க்கும் கண்ணாடி. வேலை பின்பக்கம், படம் முன்பக்கம். அதனால் வீட்டுப் பிள்ளை ஒன்று கண்ணாடியைப் பிடித்தபடி திரைக்கு எதிரே நிற்கும். அவர் பின்னாலிருந்தே படத்தைப் பார்த்துக்கொள்வார். திரையின் நடுவே ஒரே ஒரு வெள்ளைக் கோடு படுத்திருந்தால் வெர்டிகல் ஐ.சி. உயிரே இல்லையென்றால் பவர் சப்ளை, பிறகு எல்.ஓ.டி. எனும் உயர் வோல்ட் டிரான்ஸ்ஃபார்மர். கலர் டிவியின் பிக்சர் டியூபில் 20,000 வோல்ட்டுக்கு மேல் இருக்கும், ஸ்விட்சை அணைத்த பிறகும் மிச்சம் நிற்கும். டிஸ்சார்ஜ் பண்ணாமல் விவரமான மெக்கானிக் யாரும் அதில் கை வைத்ததில்லை. கெட்டது ஒரு கெப்பாசிட்டர் என்றால் அது ஒன்றைத்தான் மாற்றினார். உதிரிபாகம் வாங்கச் சென்னைக்காரர்களுக்கு ரிச்சி தெரு இருந்தது.

2006இல் தமிழக அரசு இலவசமாகக் கொடுக்கத் தொடங்கிய 14 அங்குலப் பெட்டியும் டியூப் டிவிதான். ஊர் மெக்கானிக்கின் கைக்கு இன்னும் சில காலம் வேலை இருந்ததில் அதற்கும் பங்குண்டு என்பது என் எண்ணம்.

இன்று தட்டினால் பேனல் உடையும். வீட்டுக்கு வருபவர் ஐந்து நிமிடம் பார்த்துவிட்டு, “பேனல் போச்சு சார், புதுசு வாங்கிடுங்க” என்கிறார். பேனல் விலை கிட்டத்தட்ட டிவி விலை என்பதால் நாமும் மறுபேச்சு பேசுவதில்லை. இங்கேதான் ஏமாறுகிறோம். எல்.சி.டி. பேனலுக்குச் சொந்த வெளிச்சம் கிடையாது, பின்னாலிருக்கும் எல்.இ.டி. பட்டைகள்தான் அதற்கு விளக்கு. கோயில் திருவிழா சீரியல் செட் மாதிரி அவை வரிசையாகக் கோத்தவை. ஒன்று போனால் அந்த வரிசையே அணையும், பல மாடல்களில் மொத்தத் திரையும் இருண்டுவிடும். சத்தம் வருகிறது, படம் இல்லையா? அறையை இருட்டாக்கி, திரையை ஒட்டி டார்ச் அடியுங்கள். உள்ளே மங்கலாகப் படம் ஓடினால் பேனல் நன்றாகவே இருக்கிறது, போனது பேக்லைட்.

பாதித் திரை மட்டும் தெரிந்தாலோ படம் வெளுத்துப் போனாலோ, பேனலுக்குப் படத்தை அனுப்பும் டி-கான் போர்டையும் அதற்குப் போகும் பட்டை ஒயரையும் பார்க்க வேண்டும். சில நேரம் ஒயரைக் கழற்றித் துடைத்துச் செருகினாலே சரியாகிவிடும். நெடுக்காக நிலைத்து நிற்கும் கோடுகள் பெரும்பாலும் பேனலின் ஓரத்தில் ஒட்டிய மெல்லிய ஃபிலிமின் கோளாறு. அதை ஒட்ட பாண்டிங் மெஷின் வேண்டும், வீட்டில் ஆகாது. கண்ணாடி விரிசல் விட்டிருந்தால் பேச்சே இல்லை.

பேக்லைட் மாற்றுவதும் விளையாட்டு வேலையல்ல. பவர் போர்டின் பெரிய கெப்பாசிட்டரில் 300 வோல்ட்டுக்கு மேல் நிற்கும். பேனலைத் தூக்க இரண்டு பேர் வேண்டும். அந்த ஃபிலிம் கிழிந்தால் நிஜமாகவே பேனல் போச்சு. பட்டைகளை முழு செட்டாக மாற்றச் சொல்லுங்கள். பிறகு செட்டிங்கில் பேக்லைட் அளவைக் குறைத்து வையுங்கள், சூடு குறைந்து நாள்பட வரும்.

அடுத்த முறை யாராவது “பேனல் போச்சு” என்றால், எப்படிக் கண்டுபிடித்தீர்கள் என்று கேளுங்கள். டார்ச் அடித்துக்கூடப் பார்க்காதவர் பேச்சைக் கேட்டு டிவியைக் காயலான் கடைக்குப் போடாதீர்கள்.