இசைத்தட்டிற் பிறந்த கலையும் வாத்தியம் ஏந்திய கைகளும்

‘ஹிப்ஹொப்’ என்னும் பெயரைக் கேட்ட மாத்திரத்தே முகஞ் சுளிக்கும் ஆசிரியர் நம்மிடையே பலர். வாத்தியம் பயிலாதார் பிறருடைய இசைத்தட்டை ஓடவிட்டு அதன்மேற் பேசும் பேச்சே அஃது என்பர் அன்னார். மாணவரோ அதனைத் தலைமேற் கொண்டாடுவர். என் வகுப்பிலும் இவ்வழக்கு எழுவதுண்டு. இரு சாராரும் ஒருங்கே நோக்கத்தக்கது, அமெரிக்காவின் பிலடெல்பியா நகரிலே தோன்றிய ‘த றூட்ஸ்’ என்னும் குழுவின் வரலாறு.

முதற்கண் இக்கலையின் பிறப்பை நோக்குவாம். 1973 ஆம் ஆண்டு ஆகஸ்ட் 11 ஆம் நாள் நியூயோர்க்கின் புறொங்ஸ் பகுதியிலே நிகழ்ந்த விருந்தொன்றை அதன் தொடக்கமாகக் கொள்வர். அங்கே இசைத்தட்டுக்களைச் சுழற்றியவர் ஜமெய்க்காவிற் பிறந்த கூல் ஹேர்க். பாட்டு ஓய்ந்து முழவு மாத்திரம் ஒலிக்கும் இடத்திலேயே ஆடுவோர் கிளர்ச்சியுறுதலை அவர் கண்டார். ஒரே இசைத்தட்டின் இரு படிகளை இரு சுழல்மேடைகளில் இட்டு, அச்சிறு பகுதியை மீண்டும் மீண்டும் ஒலிப்பித்தார். வறியோர் வாழ் பகுதியிலே இசைத்தட்டே வாத்தியமாயிற்று. இதனை இயலாமை என்பார் அதன் நுட்பம் அறியார்.

1987 இல் பிலடெல்பியாவின் கலைப் பாடசாலையொன்றிலே பயின்ற இரு மாணவர், அமீர் தொம்சனும் தாரிக் ட்றொட்டரும், ஒன்று கூடினர். முன்னவர் முழவு கொட்டினார். பின்னவர் சொல் தொடுத்தார். தெருவோரத்திலே வழிப்போக்கர்க்கு இசைத்து வளர்ந்தனர். ‘வர்க்கமூலங்கள்’ எனப் பொருள்படும் ஆங்கிலப் பெயரை ஒருகாற் பூண்டு, பின்னர் ‘வேர்கள்’ எனச் சுருக்கிக்கொண்டனர். 1995 இல் வெளிவந்த அவர்தம் இசைத்தொகுப்பிலே முழவும் பேஸ் கிற்றாரும் விசைப்பலகையும் மனிதர் கையாலேயே இசைக்கப்பட்டன.

ஈண்டு ஒரு நுட்பம் உளது. வாத்தியம் ஏந்தினமையால் அவர்கள் இசைத்தட்டை இகழ்ந்தாரல்லர். மீட்டும் மீட்டும் சுழலும் தட்டின் மாறாத சீரை அமீர் தம் கைக்குப் பழக்கினார். வேண்டாத அலங்காரங்களை ஒழித்து, ஒரே அடைவை நெடும்பொழுது தளராது கொட்டும் அடக்கம் அவருடையது. தட்டு தருதற்கரிய பேறொன்றும் உடன் வாய்த்தது: சொல்பவன் நின்றால் முழவும் நிற்கும், விரைந்தால் அதுவும் விரையும். தாரிக்கோ இறுதி இயைபோடு அமையாது, அடியின் உள்ளேயும் ஓசை ஒப்புமை அமைப்பவர். சீர் பிரித்து எதுகையும் மோனையும் தேடப் பழகிய நம் மாணவர்க்கு அவ்வமைப்பு எளிதிற் புலனாகும்.

கல்வியாளர் கருதத்தக்க செய்தி பிறிதொன்று. 1999 இல் வெளியான தொகுப்புக்கு, நைஜீரிய எழுத்தாளர் சினுவா அச்சிபே 1958 இல் வெளியிட்ட ‘திங்ஸ் ஃபோல் அபார்ட்’ என்னும் நாவலின் பெயரையே சூட்டினர். அதன் தொடக்கத்தில் ஒரு திரைப்பட உரையாடல் ஒலிக்கிறது: கறுப்பின மக்கள் ஆக்கிய ஜாஸ் இசையைக் கேட்க அம்மக்களே வாராமை பற்றிய வாக்குவாதம் அது. தன் மக்களே கைவிட்ட கலை எங்ஙனம் வாழும் என்னும் அவ்வினா தமிழாசிரியனாகிய என்னையும் சுடுகிறது. 2011 இல் வந்த ‘அன்டன்’ தொகுப்போ ஓர் இளைஞனின் சாவிலே தொடங்கி, அவன் வாழ்வைப் பின்னோக்கிச் சொல்கிறது.

2000 இல் அக்குழு கிறாமி விருது பெற்றது. 2009 முதல் தொலைக்காட்சியின் இரவு நிகழ்ச்சியிலே இசைத்து வருகிறது. ஆயினும் புகழை யான் சான்றாகக் காட்டேன். மாணவரே, நீவிர் விரும்பும் பாட்டின் அடியைச் சீர்பிரித்துக் காட்டுமின். ஆசிரியரே, இகழுமுன் ஒருமுறை அமர்ந்து கேண்மின். அதன் பின்னர் வழக்காடுவோம்.