ராஜா இல்லை, ராணி! கபாலா சொல்லும் ‘மல்கூத்’ என்றால் என்ன?

கடவுளை ராஜா என்றதும் நமக்கு அதிகாரம்தான் ஞாபகம் வரும். யூத மறைஞான மரபான கபாலாவில் கதையே வேற. அங்கே கடவுள் வெளிப்படும் 10 நிலைகளில் கடைசிதான் ‘மல்கூத்’, அதாவது அரசாட்சி. அதற்குச் சொந்த ஒளியே கிடையாது. நிலா மாதிரி, மேலிருந்து வாங்கி உலகத்துக்குக் கொடுக்கும். அதைப் பெண்ணாகத்தான் பார்க்கிறார்கள்: பெயர் ஷெகினா.

மக்கள் நாடு கடத்தப்பட்டால் அவளும் கூடவே போகிறாள் என்கிறது, 13-ம் நூற்றாண்டு ஸ்பெயினில் வெளிவந்த ‘ஸோஹர்’. 1492-ல் அதே ஸ்பெயின் யூதர்களை விரட்டியபோது, இது வெறும் தத்துவமாக இருந்திருக்குமா என்ன?

அடுத்த நூற்றாண்டில், அகதிகள் பலர் சேர்ந்த கலிலேயாவின் ஸஃபேத் ஊரில், வெள்ளி மாலைகளில் வயல்வெளிக்கே போய் அந்த அரசியை வரவேற்றார்கள். அங்கே ஷ்லோமோ அல்கபெட்ஸ் எழுதிய ‘லெகா தோதி’ இன்றும் ஜெப ஆலயங்களில் பாடப்படுகிறது. கடைசிச் சரணம் வந்ததும் எல்லோரும் வாசல் பக்கம் திரும்பிக்கொள்வார்கள்.