வயல் எலிக்குத் தஞ்சாவூர் கிட்டி

காட்டுப்பன்றியை வில்லால் வேட்டையாடிய காலம் மலையேறிவிட்டது. 1972ஆம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டப்படி, அனுமதியின்றி அதைக் கொல்வது குற்றம். ஆனால் காவிரி டெல்டா நெல் வயல்களில் வில்லுக்கு இன்னும் வேலை இருக்கிறது. இங்கே குறி, வயல் எலி.

கரம்பை எலி, புல் எலி, வயல் சுண்டெலி ஆகியவை நெல்லுக்குப் பெரும் பகை. தூர் கட்டும் பருவத்திலேயே தண்டைக் கடித்துச் சாய்க்கும். கதிர் முற்றியதும் கரம்பை எலி கதிர்களை வளைக்குள் இழுத்துச் சேமிக்கும். இதன் சினைக்காலம் சுமார் 3 வாரமே. ஓர் ஈற்றுக்கு 6 முதல் 10 குட்டிகள் வரை போடும்.

கிட்டியின் அமைப்பு

மூங்கில் பிளாச்சை வில்லாக வளைத்து நாண் கட்டி, இடையில் இரை வைப்பதே தஞ்சாவூர் கிட்டி. எலி இரையை இழுத்ததும் பிடிப்பு விடுபடும். நாண் எலியை இறுக்கிக் கொன்றுவிடும். மருந்துச் செலவு இல்லை. துத்தநாக பாஸ்பைடு கலந்த இரையைத் தின்று பிழைத்த எலி, மறுபடி அதைத் தொடாது. கிட்டிக்கு அந்தக் குறை இல்லை.

வைக்கும் முறை

எக்டருக்கு 100, அதாவது ஏக்கருக்கு 40 கிட்டிகள் வைக்கத் தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் பரிந்துரைக்கிறது. நாலைந்து கிட்டி வைத்துப் பயனில்லை. புது மண் தள்ளிய வளைகளையும் எலி நடமாடும் தடங்களையும் பார்த்து, வரப்போரம் மாலையில் வைக்கவேண்டும். விடிந்ததும் எடுத்துவிட வேண்டும். பகலில் விட்டுவைத்தால் பறவைகளும் சிக்கக்கூடும். செத்த எலிகளைக் கையால் தொடாமல் ஆழக் குழி தோண்டிப் புதைக்கவும்.

சம்பா, தாளடிப் பயிர் கதிர் விடுமுன் வைப்பதே நல்லது. கதிர் வந்தபின் வயலெங்கும் தீனி இருக்கும்போது எலி இரையை நாடாது.

எல்லாரும் சேர்ந்து

ஒருவர் வயலில் மட்டும் கிட்டி வைத்தால் அடுத்த வயல் எலி அங்கே குடியேறும். ஒரே வாய்க்காலில் பாசனம் பெறுவோர் ஒரே வாரத்தில் சேர்ந்து வைத்தால், கிட்டி வைப்பவருக்குத் தரும் கூலியும் பகிர்ந்துபோகும்.

வரப்புகள் 45 செ.மீ. அகலம், 30 செ.மீ. உயரத்துக்கு மேற்படாமல் இருந்தால் எலி வளை தோண்ட இடம் குறையும். ஆந்தை அமரக் குச்சிகள் நடலாம். சாரைப்பாம்பை அடிக்கவேண்டாம்; கூலி கேட்காமல் எலி பிடிப்பது அதுதான்.